அல்கன்யீசஸ் 1297: ஒரு தாய் எழுதிய எல்லை

(கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

எல்லோருக்கும் வணக்கம்.

போர்ச்சுகல் என்றதும் நமக்கு 1511தான் ஞாபகம் வரும். மலாக்காவைப் பிடித்தார்கள், கோட்டை கட்டினார்கள். இவ்வளவு தூரம் கப்பலேறி வந்தவர்கள், அதற்கு இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே சொந்த வீட்டு வேலித் தகராறைத் தீர்த்துவிட்டார்கள். 1297 செப்டம்பர் 12இல், அல்கன்யீசஸ் என்ற ஊரில் செய்துகொண்ட எல்லை ஒப்பந்தத்தில்.

ஒரு பக்கம் போர்ச்சுகல் மன்னர் தினிஸ். மறுபக்கம் காஸ்டீல், அதாவது இன்றைய ஸ்பெயினின் பெரும்பகுதி, அதன் மன்னர் நான்காம் பெர்னாண்டோ. மன்னர் என்கிறேன், பையனுக்குப் பதினோரு வயது! அப்பா 1295இல் இறந்துவிட்டார். ஆட்சியைத் தாங்கிப் பிடித்தவர் அம்மா, மரியா தெ மொலினா. அவருடைய திருமணத்துக்குப் போப்பாண்டவரின் அனுமதி கிடைக்கவில்லை. அதனால் மகன் முறையான வாரிசே இல்லை என்றார்கள் எதிரிகள். கணவரின் தம்பி யுவான் கிரீடம் கேட்டார். கணவரின் அண்ணன் மகன் அல்போன்சோவும் கேட்டார், பக்கத்து அராகன் அரசின் துணையோடு. இந்த நேரம் பார்த்து தினிஸும் படையோடு உள்ளே நுழைந்தார்.

மரியா நிலத்தைக் கொடுத்தார். கோஆ ஆற்றுக்குக் கிழக்கே (நம் கோவா இல்லை, அது வேறு) சபுகல், அல்மெய்டா முதலான கோட்டை ஊர்கள், தெற்கே ஒலிவென்சா, காம்போ மையோர் எல்லாம் போர்ச்சுகலுக்குப் போயின. அரோச்சே, அரசேனா இரண்டையும் தினிஸ் விட்டுக்கொடுத்தார். கணக்குப் பார்த்தால் காஸ்டீலுக்கு நஷ்டம்தான். ஆனால் எதிரிக் கூட்டத்திலிருந்து ஒரு ராஜாவைக் கழற்றியாயிற்று, மகனின் அரியணை தப்பியது. தினிஸைக் கெட்டிக்காரர் என்று புகழ்வார்கள், சரி, இருக்கட்டும். அன்றைய கெட்டிக்காரர் மரியாதான் என்பது என் கட்சி.

அப்புறம் கல்யாணம். பெண் கொடுத்துப் பெண் எடுத்தார்கள். தினிஸின் மகள் கான்ஸ்டன்சா பெர்னாண்டோவுக்கு. பெர்னாண்டோவின் தங்கை, நான்கு வயது பியாட்ரிஸ், தினிஸின் மகன் அபோன்சோவுக்கு. நாற்பது ஆண்டு சமாதானம் என்று எழுதிக்கொண்டார்கள்.

நாற்பது முடியுமுன்பே, 1336இல் போர். மோதியவர்கள், போர்ச்சுகல் மன்னராகிவிட்ட அதே அபோன்சோவும் கான்ஸ்டன்சாவின் மகனான காஸ்டீல் மன்னரும். தாய்மாமனும் மருமகனும்! மாமன் தன் மகளையே அவனுக்குக் கட்டிக்கொடுத்திருந்தார். அவளை ஒதுக்கிவிட்டு அவன் வேறொருத்தியோடு வாழ்ந்தான். கோபம் வராதா?

சண்டை 1339இல் ஓய்ந்தது. சம்பந்தம் கசந்தாலும் எல்லை நகரவில்லை. கைக்கு வந்த ஊர்களில் தினிஸ் கோட்டைகளைப் பலப்படுத்தியிருந்தது அதற்கு ஒரு காரணம்.

ஒலிவென்சா மட்டும் விதிவிலக்கு. 1801இல் ஸ்பெயின் அதைப் பிடித்துக்கொண்டது. போர்ச்சுகல் இன்றுவரை அதை முறைப்படி ஒப்புக்கொள்ளவில்லை.