பத்தரை மணிக் கையெழுத்து

நேயர்களுக்கு வணக்கம்.

சேலத்தில் ஆட்டோவில் ஏறி, "அஸ்தம்பட்டி, ஜெயில் பக்கம்" என்று சொல்லிப் பாருங்கள். ஓட்டுநர் கண்ணாடியில் உங்கள் முகத்தை ஒரு தடவை பார்ப்பார். அப்புறம், "மனு பார்க்கவா சார்?" என்று கேட்பார். உள்ளே இருப்பவரைப் பார்க்கப் போவதற்கு 'மனு பார்ப்பது' என்றுதான் பெயர். நான் நன்னடத்தை அலுவலராக, அதாவது சிறைக்கு அனுப்பாமல் நன்னடத்தைப் பிணையில் விடப்படுகிறவர்களைக் கண்காணிக்கிற வேலையில் இருந்து ஓய்வு பெற்றவன். "இல்லப்பா, ஆபீஸ் வேலை" என்று சொல்லிச் சொல்லி எனக்கு வாய் பழகிவிட்டது.

1862ஆம் ஆண்டுச் சிறை அது. ஊர்ப் பெரியவர்களுக்கு அந்த மதிலைப் பார்த்தால் 1950 பிப்ரவரி 11 நினைவுக்கு வரும். கம்யூனிஸ்டு கைதிகள் 22 பேர் உள்ளேயே சுட்டுக் கொல்லப்பட்ட நாள். அதைத் தனியாகத்தான் பேச வேண்டும். நான் பேச வந்தது வெளியே நடப்பதைப் பற்றி. ஒருவர் தப்பு செய்கிறார், பிடிபடுகிறார், ஒரு நாள் வெளியே வருகிறார். மறுபடி அந்தப் பக்கம் போகாமல் இருக்க அவருக்கு என்ன வேண்டும்? யோகா, அறிவுரை, கைத்தொழில் பயிற்சி எல்லாம் நல்லதுதான், நான் குறை சொல்லவில்லை. ஆனால் அவருடைய வேலை போகாமல் இருக்க வேண்டும். போயிருந்தால் சீக்கிரம் திரும்பக் கிடைக்க வேண்டும். நான் கண்டது இதுதான். இதையே இன்றைக்கு நாலைந்து தடவை சொல்வேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஒரு பையன். பெயர் வேண்டாம், தம்பி என்றே சொல்கிறேன். சிவதாபுரம் பக்கம் ஒரு வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் வேலை. பத்தொன்பது வயது. கூட்டாளிகளோடு சேர்ந்து ஒரு பைக்கைத் தள்ளிக்கொண்டு போன கேஸ். சில வாரத்தில் ஜாமீன் கிடைத்தது. நிபந்தனை என்ன தெரியுமா? மறு உத்தரவு வரும்வரை தினமும் காலை 10.30 மணிக்குக் காவல் நிலையத்தில் கையெழுத்து. ஜாமீனில் வந்தவர் வீட்டில் கேட்டுப் பாருங்கள், பத்தரை மணி என்பது அவர்களுக்கு மனப்பாடம்.

ஒரு கையெழுத்துதானே, இரண்டு நிமிஷம் என்று தோன்றும். கொலுசுப் பட்டறை எப்படி நடக்கிறது என்று பார்த்தவர்களுக்குத்தான் அந்த இரண்டு நிமிஷத்தின் விலை தெரியும். ஒருவர் கம்பி இழுப்பார், ஒருவர் வளையம் போடுவார், ஒருவர் பற்றவைப்பார், ஒருவர் சலங்கை கோப்பார், ஒருவர் மெருகு போடுவார். நடுவில் ஒரு ஆள் இல்லையென்றால் அடுத்தவர் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியதுதான். தம்பி இருந்தது ஊரின் ஒரு கோடி, கையெழுத்துப் போட வேண்டிய நிலையம் மறு கோடி. இரண்டு பஸ் மாறிப் போய், அங்கே பெஞ்சில் காத்திருந்து, திரும்பி வரும்போது சாப்பாட்டு நேரம். முதலாளி ஒரு வாரம் பொறுத்தார். எட்டாம் நாள், "கேஸ முடிச்சிட்டு வாப்பா" என்றார். அவரைத் தப்பு சொல்ல முடியுமா?

அப்புறம் நடந்ததுதான் எனக்கு இன்றைக்கும் ஆறவில்லை. வேலை இல்லாத பையன் கையெழுத்துப் போட்டுவிட்டு எங்கே போவான்? எதிரே டீக்கடை. அதே பத்தரை மணிக்கு வேறு வேறு கேஸில் கையெழுத்துப் போட வந்தவர்களும் அங்கேதான் நிற்பார்கள். அவனுடைய அடுத்த கூட்டாளி அங்கே கிடைத்தான். இரண்டாவது கேஸ் செல்போன்.

முதல் கேஸில் குற்றம் ருசுவானபோது தம்பிக்கு இருபது வயது. 1958ஆம் வருஷத்துக் குற்றவாளிகள் நன்னடத்தைச் சட்டத்தில் 6ஆவது பிரிவு என்று ஒன்று உண்டு. இருபத்தொரு வயதுக்குக் கீழே இருப்பவரை, ஆயுள் தண்டனைக்குரிய குற்றமாக இல்லாதவரை, லேசில் சிறைக்கு அனுப்பக் கூடாது. நன்னடத்தை அலுவலரின் அறிக்கையைக் கேட்டு வாங்கிப் பார்க்க வேண்டும். அப்படித்தான் அவன் என்னிடம் வந்தான். அம்மாவைப் பார்த்தேன், பக்கத்து வீட்டாரைக் கேட்டேன், பட்டறைக்கும் போனேன். ஒழுங்காக இருப்பேன் என்று எழுதி வாங்கிக்கொண்டு, நீதிமன்றம் இரண்டு வருஷ நன்னடத்தைப் பிணையில் என் கண்காணிப்பில் விட்டது.

இப்போது பழைய முதலாளியைச் சம்மதிக்க வைக்க வேண்டும். அவர் சொன்னார்: "சார், பைக்கத் தூக்குனவன் கையில நான் வெள்ளியக் குடுக்கணும்ங்கிறீங்க." நியாயமான கேள்வி. நான் பதில் சொல்லவில்லை, சும்மா உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். சாயங்காலம் ஆனது. ஒவ்வொருவராக எழுந்து வந்து செய்த கொலுசு, மீந்த கம்பி, துண்டு துணுக்கு, தட்டில் கூட்டிய தூள் எல்லாவற்றையும் தராசில் வைத்தார்கள். காலையில் வாங்கிய எடையோடு சரிபார்த்து முதலாளி நோட்டில் எழுதினார். இருபது வருஷமாக அங்கே வேலை செய்யும் பெரியவருக்கும் அதே தராசுதான். "இவருக்கே எடை போடுறீங்களே?" என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். "சரி, நாளைக்கு வரச் சொல்லுங்க. ஆனா நீங்க ஆபீசர் மாதிரி வரக் கூடாது. மத்த பசங்க ஒரு மாதிரி பேசுவாங்க."

அதனால் இரண்டு வருஷம் நான் அந்தப் பட்டறைக்குக் கொலுசு வாங்குகிறவனாகப் போனேன். மாதா மாதம் போய், "இந்த மாடல் என்ன வெலை?" சும்மா கேட்டால் சந்தேகம் வருமே என்று அவ்வப்போது வாங்கவும் வேண்டியிருந்தது. வீட்டில், "யாருக்கு இத்தனை கொலுசு?" என்று ஒரு விசாரணை நடந்தது. என் பேத்தி பிறப்பதற்கு முன்பே அவளுக்கு நாலு ஜோடி தயார்.

தம்பி உடனே உத்தமன் ஆகிவிடவில்லை. நடுவில் நாலு நாள் காணாமல் போனான், குடித்துவிட்டு வந்தான். பிணை நிபந்தனையை மீறினால் நீதிமன்றத்துக்கு நான் எழுதலாம். முதல் தடவை என்றால் அபராதம் அதிகபட்சம் ஐம்பது ரூபாய் போடலாம் என்று 1958இல் எழுதியது. இன்றைக்கும் அதே ஐம்பதுதான், விலைவாசியெல்லாம் சட்டத்துக்குத் தெரியாது போலிருக்கிறது. நான் எழுதவில்லை. முதலாளி இரண்டு நாள் கூலியைப் பிடித்தார், நன்றாகத் திட்டினார், மறுநாள் வெள்ளியை எடை போட்டுக் கொடுத்தார். போதும் என்று விட்டுவிட்டேன்.

தினமும் வந்து ஆஜராகு என்பது நம் ஊரில் இன்று நேற்று வந்த பழக்கம் இல்லை. பழைய சேலம் ஜில்லாவில் உப்புக் குறவர்கள் இருந்தார்கள். கடற்கரை உப்பையும் தானியத்தையும் பொதிமாட்டில் ஏற்றி ஊர் ஊராக விற்றவர்கள். ரயில் வந்தது, உப்பு ரயிலில் ஏறியது, பிழைப்பு போனது. பிழைப்பு போனதைப் பற்றிக் கவலைப்படாத வெள்ளைக்கார அரசு, குற்றப் பரம்பரைச் சட்டத்தைக் கொண்டு வந்து அவர்களைப் பிறவித் திருடர்கள் என்று பட்டியலில் எழுதியது. கைரேகை எடுத்தது, ஆஜர் எடுத்தது, ஊரை விட்டுப் போக அனுமதிச் சீட்டு வாங்கச் சொன்னது. ஊர் ஊராகப் போய் விற்கிறவனை ஊரை விட்டுப் போகாதே என்றால் என்ன செய்வான்? சென்னை மாகாணத்தில் 1947இல்தான் அந்தச் சட்டம் ஒழிந்தது. வேலை போகக் கூடாது என்கிறேனே, இதுவும் அந்தக் கதைதான்.

இன்னொன்று. இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் நாலில் மூன்று பேர் தண்டனை பெற்றவர்களே இல்லை, விசாரணைக் கைதிகள். 2022ஆம் ஆண்டுக் கணக்கும் அதைத்தான் சொல்கிறது. குற்றம் செய்தாரா இல்லையா என்று தீர்ப்பாவதற்கு முன்பே வேலை போய்விடுகிறது, வாடகை பாக்கி ஏறிவிடுகிறது.

ஏற்காடு மலைக்குப் போனால் இது இன்னும் கூர்மையாகத் தெரியும். காப்பிப் பழம் பறிக்கிற மாதங்களில், அதாவது கார்த்திகையிலிருந்து தை வரை, வெளியே வருகிறவர் பிழைத்தார். எஸ்டேட்டில் ஆள் தேவை, மேஸ்திரி பழைய கதை கேட்க மாட்டார். அதே ஆள் ஆடியில் வந்தால் மழையும் குளிரும் சும்மா இருப்பதும்தான். ஆளும் குற்றமும் ஒன்றேதான். வெளியே வந்த மாதம் மட்டும் வேறு.

ஸ்டூடியோக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நேரமாச்சு என்று கையைக் காட்டுகிறார்கள், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். பத்தரை மணிக் கையெழுத்தால் வேலை கெடுகிறது என்றால் வக்கீல் மூலம் நிபந்தனைத் தளர்வு மனு போடலாம், நேரத்தை மாற்றிக் கேட்கலாம். பலருக்கு இப்படிக் கேட்கலாம் என்பதே தெரியாது. வக்கீலுக்குப் பணம் இல்லையென்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் எண் 15100, கட்டணம் கிடையாது. 2024 ஜூலை 1 முதல் வந்த புதிய தண்டனைச் சட்டத்தில், ஐயாயிரம் ரூபாய்க்குக் கீழான திருட்டு, முதல் தடவை, பொருளைத் திருப்பிக் கொடுத்தாயிற்று என்றால் தண்டனை சமூக சேவை. அதையாவது வேலை நேரம் பார்த்துப் போட வேண்டும். அப்புறம் நன்னடத்தைச் சட்டத்தின் 12ஆவது பிரிவு. நன்னடத்தையில் விடப்பட்டவருக்கு அந்தத் தீர்ப்பைக் காரணம் காட்டித் தகுதிக் குறைவு வரக் கூடாது என்கிறது. வேலைக்கு எடுப்பவர்கள் தயவுசெய்து இதைக் குறித்துக்கொள்ளுங்கள், பன்னிரண்டாவது பிரிவு.

பெண் சிறைவாசிகளைப் பற்றி இரண்டு பக்கம் எழுதி வந்தேன். அது கையிலேயே இருக்கிறது. கூப்பிட்டால் இன்னொரு நாள் வருகிறேன். வணக்கம்.