மேசையைச் சுற்றி எட்டுப் பேர்

நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

1970-களில் அமெரிக்காவின் சின்சினாட்டியில் ஆய்வாளர்கள் சிலர் ஒரு கருத்துக்கணிப்பு நடத்தினார்கள். அதில் ஒரு கேள்வி, 'பொது விவகாரச் சட்டம்' என்ற ஒன்றை நீக்கிவிடலாம் என்று சிலர் சொல்கிறார்களே, அதை நீங்கள் ஒப்புக்கொள்கிறீர்களா, இல்லையா என்பது. ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினர் ஒப்புக்கொள்கிறேன் என்றோ மறுக்கிறேன் என்றோ பதில் சொன்னார்கள். ஆனால் அப்படி ஒரு சட்டமே கிடையாது. ஆய்வுக்காகவே இட்டுக்கட்டிய பெயர் அது.

அந்த மக்களைக் குறை சொல்வதற்காக இதை நான் சொல்லவில்லை. முன்பின் தெரியாத ஒருவர் கேள்வி கேட்கும்போது, 'எனக்கு இதைப் பற்றித் தெரியாது' என்று சொல்ல மனம் கூசும். யாருக்கும் அப்படித்தான். 'மக்கள் கருத்து' என்று நாம் சொல்லும்போது, அது ஒவ்வொருவர் தலைக்குள்ளும் ஏற்கெனவே தயாராக இருக்கிறது, போய் அளந்துகொண்டு வந்தால் போதும் என்று நினைத்துக்கொள்கிறோம். பல விஷயங்களில் அது தயாராக இருப்பதில்லை. அரைகுறையாகக் காதில் விழுந்த ஒரு செய்தி, நமக்குப் பிடித்த கட்சியின் நிலைப்பாடு, ஏதோ ஒரு பழைய கோபம், இவ்வளவுதான் இருக்கும். அதை இன்னொருவரிடம் சொல்லி, 'ஏன் அப்படி நினைக்கிறீர்கள்?' என்று அவர் திருப்பிக் கேட்கும்போதுதான் அது கருத்தாக உருப்பெறத் தொடங்குகிறது.

இந்த எண்ணத்திலிருந்து எழுந்த அரசியல் சிந்தனைக்குக் கலந்தாய்வு ஜனநாயகம் என்று பெயர். 1980-இல் ஜோசப் பெசெட் என்ற அமெரிக்க அறிஞர் இந்தப் பெயரை வைத்தார். ஜெர்மானியத் தத்துவ அறிஞர் யூர்கன் ஹாபர்மாஸ் அதற்கு ஆழம் சேர்த்தார். வாக்குகளை எண்ணுவதால் மட்டும் ஒரு முடிவு நியாயமானதாகிவிடாது. வாக்களிப்பதற்கு முன்பு காரணங்கள் எல்லோர் முன்னிலையிலும் வைக்கப்பட்டனவா, மறுப்புகளுக்கு இடம் கிடைத்ததா என்றும் பார்க்க வேண்டும் என்பது இவர்களுடைய வாதம். கோட்பாடு இவ்வளவு போதும். நடைமுறைக்கு வருவோம்.

மக்கள் கூடிப் பேசினாலே எல்லாம் சரியாகிவிடும் என்று நம்புகிறவர்கள் உண்டு. எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. பேச்சு மனிதர்களைக் கெடுக்கவும் செய்யும். 1950-களில் சாலமன் ஆஷ் என்ற உளவியலாளர் நடத்திய சோதனையைப் பலர் கேள்விப்பட்டிருப்பீர்கள். முதலில் ஒரு கோட்டைக் காட்டுவார்கள்; பிறகு காட்டும் மூன்று கோடுகளில் எது அதன் நீளத்துக்குச் சமம் என்று சொல்ல வேண்டும். குழந்தைகூடச் சொல்லிவிடும். ஆனால் அறையில் இருக்கும் மற்ற எல்லோரும், முன்கூட்டியே பேசிவைத்துக்கொண்டு, தவறான கோட்டைக் காட்டுகிறார்கள். சோதனைக்கு வந்த ஆளின் முறை வரும்போது என்ன செய்வார்? சுமார் நான்கில் மூன்று பேர் ஒருமுறையாவது கூட்டத்தோடு சேர்ந்து தவறான பதிலைச் சொன்னார்கள். கண்ணால் பார்க்கும் கோட்டுக்கே இந்த நிலை என்றால், வரி, நீதி, அகதிகள் போன்ற விஷயங்களில் கேட்கவே வேண்டாம்.

அதே சோதனையில் இன்னொன்றும் தெரியவந்தது. அறையில் ஒரே ஒருவர் சரியான பதிலைச் சொன்னாலும் போதும், கூட்டத்தோடு ஒத்துப்போகிறவர்களின் எண்ணிக்கை பெருமளவு குறைந்துவிட்டது. ஒரே ஒரு மாற்றுக்குரல்! இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

2005-இல் அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் ஒரு சோதனை. தாராளவாதச் சிந்தனை மிகுந்த போல்டர் நகரத்து மக்களைத் தங்களுக்குள் சிறு குழுக்களாகப் பேசவிட்டார்கள். பழமைவாதம் மிகுந்த கொலராடோ ஸ்பிரிங்ஸ் நகரத்து மக்களையும் அப்படியே தனியாகப் பேசவிட்டார்கள். பருவநிலை மாற்றம், ஒருபாலினத்தவரின் சட்டப்பூர்வ இணைவு, இட ஒதுக்கீட்டை ஒத்த ஒரு கொள்கை ஆகிய மூன்றுதான் பேச்சுக்குப் பொருள். பேசுவதற்கு முன்னும் பின்னும் ஒவ்வொருவரின் கருத்தும் தனித்தனியாக, ரகசியமாகக் குறிக்கப்பட்டது. பேசி முடித்தபின் போல்டர்காரர்கள் இன்னும் இடப்பக்கம் போயிருந்தார்கள், மற்றவர்கள் இன்னும் வலப்பக்கம். பேசத் தொடங்கும் முன்பு ஒவ்வொரு குழுவுக்குள்ளும் இருந்த சின்னச் சின்ன வேறுபாடுகளும் மங்கிப்போயிருந்தன. இதைக் குழுத் துருவமயமாதல் என்கிறார்கள். ஒரே எண்ணமுள்ளவர்கள் கூடினால் ஒரே பக்கத்து வாதங்கள்தான் மேலும் மேலும் காதில் விழும். அப்புறம், நானும் இந்தக் கூட்டத்தில் நல்ல பேர் எடுக்க வேண்டும் என்ற ஆசை வேறு. நம்மில் பெரும்பாலோருடைய அரசியல் பேச்சு தினமும் இப்படிப்பட்ட கூட்டத்துக்குள்தான் நடக்கிறது. எனக்கு உண்மையிலேயே கவலை தரும் விஷயம் இது.

ஆகவே யார் யாரோடு உட்கார்ந்து பேசுகிறார்கள், எந்த விதிகளின்படி பேசுகிறார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. ஜேம்ஸ் ஃபிஷ்கின் என்ற அரசியல் அறிஞர் 1988-இல் ஒரு முறையை முன்வைத்தார். கலந்தாய்வுக் கருத்துக்கணிப்பு என்று அதைச் சொல்லலாம். குலுக்கல் முறையில் சில நூறு பேரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். முதலில் வழக்கமான கருத்துக்கணிப்புப் போலக் கேள்விகள். பிறகு இருதரப்பு வாதங்களும் அடங்கிய குறிப்பேடு ஒன்றைக் கொடுக்கிறார்கள்; அது நியாயமாக இருக்கிறதா என்று எதிரெதிர்த் தரப்பினரே முன்கூட்டிச் சரிபார்த்திருப்பார்கள். அப்புறம் ஒரு வார இறுதி முழுக்கச் சிறு குழுக்களாகப் பேச்சு. ஒவ்வொரு குழுவிலும் ஒரு நெறியாளர் இருப்பார். சத்தமாகப் பேசுகிறவரை நிதானப்படுத்துவதும், ஒதுங்கி உட்கார்ந்திருப்பவரைப் பேசவைப்பதும் அவர் வேலை. குழுவுக்கு எழும் கேள்விகளை மாறுபட்ட கருத்துள்ள வல்லுநர்கள் முன் வைப்பார்கள். கடைசியில் அதே கேள்விகள் மறுபடியும், ரகசியமாக. எல்லோரும் ஒரே முடிவுக்கு வர வேண்டும் என்ற கட்டாயமே கிடையாது. ஆஷின் அறையை நினைத்துப் பார்த்தால் இந்த ரகசியம் ஏன் முக்கியம் என்று புரியும்.

முதல் முயற்சி 1994-இல் இங்கிலாந்தின் மான்செஸ்டரில் நடந்தது. குற்றங்களை எப்படிக் குறைப்பது என்பது பொருள். ஆனால் எனக்கு அதைவிட டெக்சாஸ் கதைதான் பிடிக்கும். 1990-களில் அங்கே மின் நிறுவனங்கள் எதிர்காலத்துக்குத் திட்டமிடும்போது வாடிக்கையாளர்களின் கருத்தையும் கேட்டாக வேண்டும் என்று விதி வந்தது. சாதாரணக் கணிப்பு நடத்தினால் பலருக்கு விஷயமே தெரியாது. பொதுக்கூட்டம் போட்டால் அக்கறையுள்ள சில குழுக்கள் மட்டும் வந்து நிற்கும். எனவே 1996-க்கும் 1998-க்கும் இடையில் எட்டு கலந்தாய்வுக் கணிப்புகள் நடந்தன. காற்று, சூரிய ஒளி போன்றவற்றிலிருந்து வரும் மின்சாரத்துக்காக மாதம் கொஞ்சம் கூடுதலாகக் கட்டணம் தரத் தயார் என்றவர்கள் தொடக்கத்தில் சராசரியாக 52 விழுக்காடு. பேசி முடித்தபின் 84. எண்ணெய்க்குப் பேர்போன மாநிலம் அது! 1999-இல் புதுப்பிக்கத்தக்க ஆற்றலுக்கு இலக்கு வைக்கும் சட்டம் அங்கே வந்தது. 2006-இல் காற்றாலை மின்சாரத்தில் கலிஃபோர்னியாவையே டெக்சாஸ் முந்தியது. வரிச் சலுகையும் நல்ல காற்றும் அதற்குத் துணை நின்றன. எல்லாப் பெருமையையும் கலந்தாய்வுக்கே கொடுக்க மாட்டேன். ஆனாலும் மக்கள் இதற்குச் செலவு செய்யத் தயாராக இருக்கிறார்கள் என்று ஆட்சியாளர்களுக்குத் தெரியவந்தது அந்தக் கூட்டங்களில்தான்.

குலுக்கல் என்றதும் சிலர் முகம் சுளிப்பார்கள். அரசியலை அதிர்ஷ்டத்திடம் விடுவதா என்று கேட்பார்கள். பண்டைய கிரேக்கத்தின் ஏதென்ஸ் நகரத்தில் ஐந்நூற்றுவர் அவை குலுக்கலில்தான் அமைந்தது. பத்தாம் நூற்றாண்டு உத்திரமேரூர்க் கல்வெட்டு சொல்லும் குடவோலையும் அதுதான். ஆனால் ஏதென்ஸில் பெண்களுக்கும் அடிமைகளுக்கும் இடமில்லை; குடவோலையில் பேர் எழுத நிலமும் வேதக் கல்வியும் வேண்டும். இன்றைய முறை மாறுவது இங்கேதான். குடத்துக்குள் எல்லோருடைய பெயரும் போகிறது. வயது, பாலினம், வாழும் பகுதி, சமூகப் பின்னணி எல்லாம் நாட்டின் விகிதத்துக்கு ஒத்து வருகிறதா என்றும் பார்க்கிறார்கள்.

அயர்லாந்துக்கு வருவோம். கருக்கலைப்பு விஷயத்தில் அந்த நாடு பல பத்தாண்டுகள் இரண்டுபட்டுக் கிடந்தது. 1983-இல் நடந்த பொதுவாக்கெடுப்பில் 66.9 விழுக்காட்டினர் ஆதரவளித்து, கருவின் உயிருரிமையைத் தாயின் உயிருரிமைக்குச் சமமாக வைக்கும் எட்டாம் திருத்தத்தை அரசமைப்புச் சட்டத்தில் சேர்த்தார்கள். அதற்குப் பிறகு வந்த அரசியல்வாதிகள் பலருக்கு அதைத் தொடவே பயம். எந்தப் பக்கம் பேசினாலும் பாதி வாக்கு போய்விடும். 2016-இல் நாடாளுமன்றம் ஒரு குடிமக்கள் பேரவையை அமைத்தது. 99 சாதாரண மக்கள். தலைவராக உச்ச நீதிமன்ற நீதிபதி மேரி லஃபாய். டப்ளினுக்கு அருகே ஒரு ஹோட்டலில் ஐந்து வார இறுதிகள் கூடினார்கள்.

வட்ட மேசைகள். ஒரு மேசைக்கு ஏழு எட்டுப் பேர். கூடவே ஒரு நெறியாளர், ஒரு குறிப்பெடுப்பவர். மருத்துவர்கள், சட்ட வல்லுநர்கள், அறவியல் அறிஞர்கள், இருதரப்பு இயக்கங்களைச் சேர்ந்தவர்கள் எல்லோரும் வந்து பேசினார்கள். சொந்த அனுபவத்தைச் சொன்ன பெண்களின் பதிவுசெய்த குரல்களும் அந்த மண்டபத்தில் ஒலித்தன. மண்டபத்தில் நடந்த உரைகள் நேரலையில் ஒளிபரப்பாகின. மேசைப் பேச்சு மட்டும் ஒளிபரப்பாகவில்லை. இது சரியான ஏற்பாடு என்பது என் கருத்து. கேமரா முன்னால் மனிதன் தன் நிலைப்பாட்டைக் காப்பாற்றத்தான் பார்ப்பான். 'எனக்குக் குழப்பமாக இருக்கிறது, இன்னொரு தடவை விளக்குங்கள்' என்று எட்டுப் பேர் நடுவில் சொல்லலாம், நாடே பார்க்கும்போது சொல்வது கடினம்.

2017 ஏப்ரலில் வாக்கெடுப்பு. காரணம் கேட்காமலே கருக்கலைப்பை அனுமதிக்கலாம் என்று 64 விழுக்காட்டினர் வாக்களித்தார்கள். எத்தனை வாரம் வரை என்பதில் மட்டும் அவர்களுக்குள் வேறுபாடு இருந்தது. இது மக்கள் மனநிலைக்கு வெகுதூரம் முன்னால் போய்விட்டது, நாடு ஏற்காது என்று அரசியல் வட்டாரத்தில் பலர் சொன்னார்கள். 2018 மே 25-ஆம் தேதி நாடு வாக்களித்தது. எட்டாம் திருத்தத்தை நீக்க 66.4 விழுக்காடு ஆதரவு. இரண்டு எண்களும் இவ்வளவு நெருங்கி வந்ததைப் பெரிதாக எடுத்துக்கொள்ளக் கூடாது, கேள்விகள் வேறு வேறு. இந்த மாற்றத்தை 99 பேர் உண்டாக்கினார்கள் என்றும் சொல்ல முடியாது. 2012-இல் கருச்சிதைவு நேர்ந்தபோது கருக்கலைப்பு மறுக்கப்பட்டு மருத்துவமனையில் இறந்துபோன ஓர் இளம் பெண்ணின் துயரம் அந்த நாட்டை ஏற்கெனவே உலுக்கியிருந்தது. பேரவை செய்தது வேறு. கத்தாமல் இதைப் பற்றிப் பேச முடியும் என்று நாட்டுக்குக் காட்டியது.

இப்போது எதிர்ப்பக்கத்தையும் சொல்ல வேண்டும். கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தில் 2004-இல் 160 பேர் கொண்ட குடிமக்கள் பேரவை, பல மாதங்கள் உழைத்துப் படித்துப் புதிய தேர்தல் முறை ஒன்றைப் பரிந்துரைத்தது. ஏறக்குறைய அனைவரும் ஆதரித்த பரிந்துரை அது. 2005 பொதுவாக்கெடுப்பில் 57.7 விழுக்காடு ஆதரவு கிடைத்தது. தேவைப்பட்டது 60. 2009-இல் மறுபடியும் வாக்கெடுப்பு வைத்தபோது ஆதரவு 39 விழுக்காட்டுக்கு இறங்கிவிட்டது. 160 பேர் கற்றுக்கொண்டார்கள். வெளியே இருந்த லட்சக்கணக்கானவர்களுக்கு அந்தப் பேச்சு போய்ச் சேரவில்லை. அறைக்குள் நடக்கும் நல்ல பேச்சு அறைக்குள்ளேயே முடிந்துவிட்டால் என்ன பயன்?

இன்னொரு சிக்கலும் உண்டு. மாற்றுக் கருத்துள்ளவர்களோடு அதிகம் பழகுகிறவர்கள் சகிப்புத்தன்மையில் முன்னே இருக்கிறார்கள், ஆனால் அரசியல் செயல்பாட்டில் பின்தங்குகிறார்கள் என்று டயானா மட்ஸ் என்ற அறிஞர் காட்டினார். இருபக்க நியாயமும் தெரிந்தால் கொடி பிடிக்கக் கை தயங்கும், புரிந்துகொள்ளக்கூடியதுதான். இதற்கு என்னிடம் தயாரான பதில் இல்லை.

நான் அரசியல் பாடம் நடத்துகிறவன். வகுப்பில் ஒரு பழக்கம் வைத்திருக்கிறேன். வாக்களிப்பதைக் கட்டாயமாக்கலாமா என்பது போன்ற ஒரு கேள்வியைக் கொடுத்து, உன் நிலைப்பாட்டையும் காரணத்தையும் எழுது என்பேன். பிறகு எதிர்க்கருத்துள்ள ஒருவரோடு ஜோடி சேர்த்து, அவருடைய வாதத்தை நீ சொல், 'ஆமாம், நான் சொல்ல வந்தது இதுதான்' என்று அவர் ஒப்புக்கொள்ளும்வரை விடாதே என்பேன். வகுப்பு முடிவில் மறுபடியும் எழுத வேண்டும். ஒரு மாணவி இரண்டு தாள்களிலும் ஒரே நிலைப்பாட்டைத்தான் எழுதியிருந்தாள்: கட்டாயம் கூடாது. முதல் தாளில் காரணம், 'யாரும் யாரையும் கட்டாயப்படுத்தக் கூடாது' என்ற ஒரே வரி. இரண்டாவதில் ஒரு பக்கம். கூலி வேலைக்குப் போகிறவர் அபராதம் கட்ட நேர்ந்தால் என்ன ஆகும் என்பதில் தொடங்கி, தன் வாதத்தின் பலவீனம் எது என்பதுவரை எழுதியிருந்தாள். கருத்து மாறியதா என்று மட்டும் கேட்கும் ஆய்வில் அவள் 'மாறாதவர்' கணக்கில் போயிருப்பாள். என்னைக் கேட்டால், அன்று வகுப்பில் அதிகம் மாறியவள் அவள்தான்.

கடைசியாக ஒன்று. பெல்ஜியத்தில் ஜெர்மன் மொழி பேசும் சிறு சமூகம் ஒன்றுக்குத் தனி நாடாளுமன்றம் உண்டு. 2019-இல் அது ஒரு நிரந்தர ஏற்பாட்டைச் சட்டமாக்கியது. குடிமக்கள் குழு ஒன்று எதைப் பற்றிப் பேசுவது என்று முடிவு செய்யும். குலுக்கலில் வந்த வேறு குடிமக்கள் கூடிப் பேசிப் பரிந்துரைகள் தருவார்கள். அவர்கள் எடுத்துக்கொண்ட முதல் பொருள், நோயாளிகளையும் முதியவர்களையும் பராமரிக்கிறவர்களின் நிலைமை. அந்தப் பரிந்துரைகளை நாடாளுமன்றம் கிடப்பில் போட முடியாது. ஒவ்வொன்றுக்கும் பதில் சொல்ல வேண்டும். ஒன்றை மறுப்பதானால், ஏன் மறுக்கிறோம் என்ற காரணத்தை அந்தக் குடிமக்களிடமே சொல்ல வேண்டும்.

நன்றி, வணக்கம்.