கரிசலிலும் களியிலும் வீட்டுத் தோட்டம்

நேயர்களுக்கு வணக்கம்.

கயத்தாறு, கோவில்பட்டி, எட்டயபுரம் பக்கம் போனால் கரிசல், அதாவது கறுப்புக் களிமண். தாமிரபரணிக் கரையில் சேரன்மகாதேவி, சீவலப்பேரி, ஸ்ரீவைகுண்டம் என்று போனால் வயல் களி. அந்த வயல்களில் எத்தனையோ இன்று பிளாட்டாகி வீடாகிவிட்டன. வீடு கட்டி முடித்து, வாசலில் நாலு செடி வைக்க நினைக்கிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "இந்த மண்ணை மாற்றிவிடலாமா?" என்றுதான். மாற்ற வேண்டாம். திசையன்விளைப் பக்கத்துத் தேரியில், அதாவது செம்மணல் காட்டில், போட்ட உரம் ஒரு மழைக்குக் கீழே இறங்கிவிடும். களிமண் அதைப் பிடித்து வைத்துச் செடிக்குக் கொடுக்கும். இவ்வளவு நல்ல மண்ணைக் காசு கொடுத்து அள்ளிப் போடுவது எனக்குப் பொறுக்கவில்லை.

களியில் செடி சாவது பெரும்பாலும் சத்துக் குறைவால் அல்ல, மூச்சு முட்டித்தான். களித்துகள் 0.002 மில்லிமீட்டரை விடச் சிறியது. துகளுக்குத் துகள் உள்ள இடைவெளியும் அப்படியே. அதில் தண்ணீர் நின்றுவிட்டால் காற்றுக்கு இடமில்லை, வேர் அழுகும்.

இதற்கு மணல் கலக்கலாம் என்பார்கள். கொஞ்சம் மணல் போட்டால், மணலின் இடுக்குகளைக் களி அடைத்து மண் முன்னைவிட இறுகும். குணம் மாற வேண்டுமானால் பாதிக்குப் பாதி மணல் வேண்டும், அது யாருக்குக் கட்டும்? குளத்து வண்டலும் அப்படித்தான். செவல் என்கிற செம்மண்ணுக்கும் தேரிக்கும் அது அருமையான சரக்கு. கரிசலில் கொட்டினால் களியோடு களி சேரும்.

குழி விஷயத்தில்தான் நிறையப் பேர் ஏமாறுகிறார்கள். களியில் ஆழமாகக் குழி வெட்டி, செம்மண்ணும் எருவும் நிரப்பி மாங்கன்று வைப்பார்கள். மம்பட்டி பட்ட குழிச்சுவர் வழுவழுவென்று இறுகியிருக்கும். ஐப்பசி மழையில் சுற்றியுள்ள தண்ணீரெல்லாம் அந்த இளக்கமான மண்ணுக்குள் இறங்கும், வெளியே போக வழி இருக்காது. கன்று தொட்டிக்குள் நிற்பது போல நிற்கும். அதனால் குழியை அகலமாக, ஆழம் குறைவாக வெட்டுங்கள். பக்கச்சுவரைக் கடப்பாரையால் குத்திச் சொரசொரப்பாக்குங்கள். வெட்டிய மண்ணையே எருக் கலந்து போட்டு, கன்றைத் தரைமட்டத்துக்கு அரை அடி மேலே, ஒரு மேட்டில் நடுங்கள்.

காய்கறிக்கும் மேடுதான். ஏரல் பக்கத்து வாழைத் தோட்டங்களில் வரிசைக்கு இடையே வாய்க்கால் பறித்து மண்ணை வாழை மேல் அணைத்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள். வீட்டிலும் ஒரு அடி உயரம், மூன்றடி அகலத்தில் பாத்தி போட்டு, அதன்மேல் காலே வைக்காதீர்கள். மிதித்தால் பாத்தி போட்ட பலன் போய்விடும். 2023 டிசம்பர் 17, 18 தேதிகளில் காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் 95 சென்டிமீட்டர் கொட்டிய மழைக்கு எந்த மேடும் தாங்காது, சரி. ஆனால் வருஷா வருஷம் பெய்கிற மழைக்குத் தாங்கும்.

அப்புறம், வேலை செய்கிற நேரம். ஈரக் களியை ஒருமுறை கிளறினால் பாளம் பாளமாக இறுகி, அந்த வருஷம் முழுக்கச் சிரமம் கொடுக்கும். அரை அடி ஆழத்திலிருந்து ஒரு பிடி எடுத்து உருண்டை பிடித்துக் கட்டைவிரலால் அழுத்துங்கள். பொலபொலவென்று உதிர்ந்தால் மம்பட்டியை எடுக்கலாம். நசுங்கி வளைந்தால் இன்னும் இரண்டு நாள் பொறுங்கள்.

மண்ணை இளக்குவது மட்கிய எருவும் தழையும்தான். கரிசல் விவசாயிகள் நிலத்தில் ஆட்டுக்கிடை போட்டதும், தழையுரச் செடியான கொழிஞ்சியை மடக்கி உழுததும் இதற்காகவே. வருஷந்தோறும் போட வேண்டும், நம் வெயிலில் எரு சீக்கிரம் கரைந்துவிடும். கோடையில் வெடிப்பு விழாமலிருக்க வாழைச்சருகையோ வைக்கோலையோ நாலு விரல் கனத்துக்கு மூடாக்காகப் பரப்புங்கள். தினம் கொஞ்சம் தெளிப்பதை விட, மண்ணைத் தோண்டிப் பார்த்துக் காய்ந்தபின் நிதானமாக நிறைய விடுவது நல்லது.

ஜிப்சம் எல்லாக் களிக்கும் மருந்தல்ல. சோடியம் மிகுந்த களருக்குத்தான் அது, மண்ணைப் பரிசோதிக்காமல் வாங்காதீர்கள். கரிசலில் சுண்ணாம்பு அதிகம். குருத்திலை மஞ்சளாகி நரம்பு மட்டும் பச்சையாக நின்றால், யூரியாவைத் தேடாதீர்கள். அது சுண்ணாம்பால் வரும் இரும்புச்சத்துக் குறை. லிட்டர் தண்ணீருக்கு 5 கிராம் அன்னபேதி (இரும்பு சல்பேட்) கரைத்து, கொஞ்சம் எலுமிச்சைச் சாறு சேர்த்து, சாயங்காலம் இலையில் தெளியுங்கள்.

எதை வைப்பது? மிளகாய் தாராளமாக வரும், கே-1, கே-2 ரகங்கள் கோவில்பட்டி ஆராய்ச்சி நிலையம் தந்தவைதான். கொத்தமல்லி, அவரை, செம்பருத்தி, அரளி நம்பி வைக்கலாம். மரத்தில் நாவல், நெல்லி, கொடுக்காப்புளி, வேம்பு. பப்பாளியும் முருங்கையும் தண்ணீர் நின்றால் தாங்காதவை. அவற்றைத் தோட்டத்திலேயே உயரமான இடத்தில், கார்த்திகை மழை ஓய்ந்த பிறகு வையுங்கள்.

நன்றி, வணக்கம்.