நைரோபி படமென்றால் சேரியும் துப்பாக்கியும்தானா? நேயர் கேள்விக்குப் பதில்

சரி, அடுத்த கேள்வி. "கிழக்கு ஆப்பிரிக்கப் படம் என்றாலே சேரி, துப்பாக்கி, திருட்டு. சாதாரண நகர வாழ்க்கையை அங்கே யாரும் எழுதுவதில்லையா?" என்று ஒரு நேயர் கேட்டிருக்கிறார்.

எழுதுகிறார்கள். அந்தத் திருட்டுப் படத்துக்குள்ளேயேகூட எழுதுகிறார்கள். 2012இல் வந்த 'நைரோபி ஹாஃப் லைஃப்' படத்தையே எடுத்துக்கொள்வோம். இயக்கியவர் டேவிட் 'டோஷ்' கிதோங்கா. செரா ம்விஹாகி உள்ளிட்ட கென்யர்கள் சேர்ந்து எழுதிய திரைக்கதை. கிராமத்தில் சினிமா டிவிடி விற்கும் ம்வாஸ், நடிகனாகும் ஆசையில் நைரோபிக்கு வருகிறான். வந்து இறங்கிய கையோடு எல்லாவற்றையும் பறிகொடுக்கிறான். அப்புறம் லாக்கப். அங்கே நாறிக் கிடக்கும் கழிப்பறையைக் கழுவும் வேலையை அவன் தலையில் கட்டுகிறார்கள். அங்கே பழக்கமான ஒருவன் மூலமாகத்தான் நகரத்தில் அவனுக்குப் பிழைப்பு கிடைக்கிறது.

என்ன பிழைப்பு? வங்கிக் கொள்ளையெல்லாம் இல்லை. கார்களில் பாகங்களைக் கழற்றி உதிரிபாகக் கடைக்குத் தள்ளிவிடுவது. நைரோபிக்காரர்களுக்கு இது தினசரித் தலைவலி. பக்கக் கண்ணாடியில் வண்டி எண்ணைப் பொறித்து வைக்கிற ஊர் அது. இந்தச் சில்லறைத் திருட்டைப் பிடித்துக்கொண்டே எழுத்தாளர்கள் கடைக்காரர், பங்கு கேட்கும் போலீஸ் என்று ஒரு தெருவையே உள்ளே கொண்டுவந்துவிடுகிறார்கள். ஹெலிகாப்டர் ஷாட்டில் தகரக் கூரைகளைக் காட்டினால் இது கிடைக்காது. யார் யாருக்குக் காசு கொடுக்கிறார்கள் என்று எழுதினால்தான் ஊர் தெரியும். பேச்சும் அப்படித்தான்: சுவாஹிலி, கிக்கூயு, சுவாஹிலியும் ஆங்கிலமும் கலந்த தெருப் பையன்களின் கொச்சையான ஷெங் எல்லாம் கலந்து வரும்.

துப்பாக்கியே வேண்டாம் என்றால் 2018இல் வந்த 'ரஃபிகி'. வனூரி கஹியு இயக்கி, ஜெனா பாஸுடன் சேர்ந்து எழுதியது. இரண்டு பெண்களின் காதல் என்பதால் கென்யாவில் தடை. பிறகு நீதிமன்றம் ஏழு நாள் திரையிட அனுமதித்தது. அந்தச் சர்ச்சையைத்தான் எல்லோரும் பேசினார்கள். எனக்குப் பிடித்தது அதில் வரும் சின்னச் சாப்பாட்டுக் கடை. கடைக்கார அம்மாவின் பெயர் 'மாமா அதிம்' (சுவாஹிலியில் 'மாமா' என்றால் அம்மா). பரிமாறிக்கொண்டே வம்பளப்பார். யார் யாரோடு போனார்கள், எந்த வீட்டில் என்ன சண்டை, எல்லாம் அங்கே வந்துவிடும். இரண்டு பெண்களின் அப்பாக்களும் உள்ளூர்த் தேர்தலில் எதிரெதிராக நிற்பவர்கள் வேறு. அந்தக் குடியிருப்பில் ரகசியம் தங்காது என்று யாரும் வசனம் பேச வேண்டியதில்லை. கடையைப் பார்த்தாலே தெரிகிறது.

நீங்கள் எழுதுகிறவர் என்றால் மட்டாட்டுவை யோசித்துப் பாருங்கள், அதாவது அந்த ஊர் தனியார் வேன். மழை பிடித்தால் கட்டணம் ஏறிவிடும். கையில் கணக்காகக் காசு வைத்திருக்கும் ஒருத்தியை அந்த மழையில் நிறுத்துங்கள், காட்சி தானாக வந்துவிடும்.

முதலில் எதைப் பார்ப்பது? நைரோபியின் கிபேரா சேரியில் நடக்கும் 'சோல் பாய்'. பில்லி கஹோரா எழுதியது, ஒரு மணி நேரம்தான். அப்புறம் 'ரஃபிகி'. 'நைரோபி ஹாஃப் லைஃப்' படத்தைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.