மூன்று பேர், ஆறு வரிசை
(மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் ஒரு கோயில் மண்டபத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

பெரியோர்களுக்கும், இடமிருந்தும் உட்காராமல் பின்னால் நிற்கும் தம்பிகளுக்கும் வணக்கம்.

கணக்கே வராது என்பவர்கூட நம் பக்கத்தில் நாலு நம்பர் லாட்டரி என்றால் விரல் விட்டு எண்ணுவார். ரோட்டில் கார் அடிபட்டால், ஆளைப் பார்க்குமுன், அந்த நம்பரை வாங்கலாமே என்று நம்பர் பிளேட்டைப் பார்க்கிறவர்களும் உண்டு. சரி, அங்கிருந்தே தொடங்குவோம்.

ஒருவர் 4791 வாங்குகிறார். முதல் பரிசு 4719-க்கு விழுகிறது. "மயிரிழையில் போச்சே" என்று ஒரு வாரம் புலம்புகிறார். இழையெல்லாம் நம் கண்ணுக்குத்தான். நான்கு வெவ்வேறு இலக்கங்களை 4×3×2×1, அதாவது 24 விதமாக அடுக்கலாம். குலுக்கலில் ஒவ்வொன்றுக்கும் பத்தாயிரத்தில் ஒரு வாய்ப்பு. 0268-க்கும் அதேதான், 1234-க்கும் அதேதான். 24 வரிசையையும் வாங்கினால் வாய்ப்பு 24 மடங்கு. செலவும் 24 மடங்கு, அதைத்தான் வீட்டில் சொல்வதில்லை.

இந்த 24 நமக்குப் புதிதல்ல. 1150-இல் பாஸ்கராச்சாரியார் தம் கணக்கு நூலான லீலாவதியில் கேட்கிறார்: திருமால் சங்கு, சக்கரம், கதை, தாமரையை நான்கு கைகளில் மாற்றி மாற்றிப் பிடித்தால் எத்தனை வடிவம்? 24. பத்துக் கைச் சிவனுக்குப் பத்துப் பொருள்கள் என்றால் 36,28,800.

இப்போது நம் பிள்ளைகளிடம் வருவோம். பேச்சுப் போட்டியில் 8 பேர். யார் எப்போது பேசுவது என்று சீட்டு எடுக்கிறார்கள். மொத்த வரிசைகள் 40,320. எட்டுப் பேரும் வயதுப்படியே வர அதில் ஒரே வழிதான். ஆனால் நம் தோட்ட லயத்துப் பிள்ளைகள் மூவர் மட்டும், நடுவில் யார் வந்தாலும் சரி, சின்னவன் முதலில், அப்புறம் நடுவுள்ளவள், கடைசியில் பெரியவன் என்று வர என்ன வாய்ப்பு? பலர் 8-ஐப் பிடித்துக்கொண்டு பெரிய பெருக்கலில் இறங்குவார்கள். தேவையே இல்லை. வந்த வரிசை எதுவானாலும் மற்ற ஐவரை அசைக்காதீர்கள். மூவரையும் அவர்கள் நின்ற மூன்று இடங்களுக்குள்ளேயே மாற்றுங்கள். ஆறு விதம் வரும், ஆறும் சமவாய்ப்பு, நாம் கேட்டது ஒன்று. விடை ஆறில் ஒன்று. போட்டியில் 800 பேர் இருந்தாலும் அதேதான். எனக்கு இந்தக் கணக்கில் மிகப் பிடித்த இடம் இது.

அதே மூவர், அதே வரிசையில், இடையில் யாருமின்றி வர வேண்டும் என்றால் மட்டும் 8 உள்ளே வருகிறது. மூவரும் ஒரே ஆள்போல நகர்வதால் மற்ற ஐவரோடு ஆறு பேர் கணக்குதான்: 720 வழிகள், அதாவது 40,320-இல் 720, 56-இல் ஒன்று.

எல்லாமே சீட்டு நன்றாகக் கலந்தால்தான். 1969 டிசம்பர் 1-இல் அமெரிக்காவில் ராணுவத்துக்கு ஆள் எடுக்க 366 பிறந்தநாள்களைக் குப்பிகளில் போட்டுக் குலுக்கினார்கள். மாதம் மாதமாகக் கொட்டியதால் சரியாகக் கலக்கவில்லை. ஆண்டுக் கடைசியில் பிறந்தவர்களுக்கு முன் எண்கள் அதிகமாக விழுந்தன. முன் எண் என்றால் முதலில் அழைப்பு, வியட்நாம் போர்க் காலத்தில்.

முன்வரிசை அம்மா ஒருவர் கேட்டார்: "எட்டில் ரெட்டைப் பிள்ளைங்க ரெண்டு பேரும் அடுத்தடுத்து வர?" யார் முன்னால் என்பது பொருட்டில்லை என்றால், அம்மா, நாலில் ஒன்று.