மைக் வருவதற்கு முந்திய குரல்

நேயர்களுக்கு வணக்கம்.

நாடகக்காரர்கள் ஒரு பாடகரைப் பற்றிப் பேச ஆரம்பித்தால், முதலில் கேட்பது 'எத்தனை கட்டை?' என்பதைத்தான். கட்டை என்றால் பாடகர் பாடும் சுருதியின் அளவு. எண் கூடக்கூடச் சுருதியும் உயரும். இன்றைய கச்சேரிகளில் ஆண்கள் பெரும்பாலும் ஒரு கட்டை, ஒன்றரைக் கட்டையில் பாடுகிறார்கள். அந்தக் காலத்து ஸ்பெஷல் நாடகத்தில், அதாவது நடிகர்களைத் தனித்தனியாக அழைத்துச் சேர்த்துப் போடும் நாடகத்தில், கதாநாயக வேடமான ராஜபார்ட்டுக்கு நாலு, ஐந்து கட்டை வேண்டும். மைக் கிடையாது. தரை டிக்கெட் வாங்கிக் கொட்டகையின் கடைசியில் உட்கார்ந்திருப்பவருக்கும் பாட்டு போய்ச் சேர வேண்டும். அதோடு, வள்ளியும் வேலனும் மாறி மாறி வாதாடும் தர்க்கம் பாடினால் இருவருக்கும் ஒரே சுருதி. ஆர்மோனியக்காரர் ஆளுக்கொரு சுருதிக்கு மாறிக்கொண்டிருக்க முடியாதே! இப்படி இரவு பத்து மணிக்குத் தொடங்கினால் விடியும்வரை பாட வேண்டும்.

அந்த மேடையில் வளர்ந்த கே. பி. சுந்தராம்பாளைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன். 1908-இல் காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் பிறந்தவர். தாயார் பெயர் பாலாம்பாள். வறுமையான வீடு. ஓடுகிற ரயிலில் பாடிக் காசு வாங்கிய சிறுமியின் குரலைக் கேட்டுத்தான் அவரை நாடகத்துக்கு அழைத்து வந்தார்கள். இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஒன்று தோன்றும். ரயில் சத்தத்தை மீறி ஒரு பெட்டி முழுவதற்கும் கேட்கப் பாடிய பிள்ளைக்குக் கொட்டகை பெரிய இடமாகவா தெரிந்திருக்கும்?

இலங்கைக்கு நாடகம் போடப் போன இடத்தில்தான் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவோடு அவர் சேர்ந்து நடித்தார். கிட்டப்பா சிறுவயது முதலே மேடையில் நின்றவர். அவருடைய அண்ணன் காசி ஐயர்தான் ஆர்மோனியம். சங்கரதாஸ் சுவாமிகளின் 'வள்ளி திருமணம்' இந்த ஜோடிக்கென்றே எழுதியதுபோல் அமைந்துவிட்டது. கிட்டப்பா ஒரு வரியை மாற்றிப் பாடி ஒரு சங்கதி போட்டால் சுந்தராம்பாள் அதை வாங்கி மேலே கொண்டுபோவார். சபை 'ஒன்ஸ்மோர்' கேட்கும். கதை நின்றுவிடும், பாட்டு நிற்காது. இருவரும் மணந்துகொண்டார்கள். அந்த வாழ்க்கையில் மனத்தாங்கலும் பிரிவும் நிறைய இருந்தன.

1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தார். வயது இருபத்தேழு. சுந்தராம்பாளுக்கு இருபத்தைந்து. அன்றிலிருந்து வெள்ளைப் புடவைதான். இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்றும் முடிவு செய்தார். வள்ளியாக நடித்துப் பெயர் வாங்கிய ஒருவருக்கு இது எவ்வளவு பெரிய இழப்பு என்று யோசித்துப் பாருங்கள். பாதி நாடகங்களின் வாசலைத் தானே சாத்திக்கொண்டார்.

சரி, அதன் பிறகு என்ன செய்தார்? 1935-இல் 'நந்தனார்' படத்தில் நந்தனாராகவே, ஆண் வேடத்தில் நடித்தார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். அந்த நாளில் கேள்விப்படாத தொகை. வேதியராக வந்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாதய்யர். காங்கிரஸ் மேடைகளிலும் ஏறித் தேசியப் பாடல்கள் பாடினார். 1953-இல் ஜெமினியின் 'ஔவையார்', 1964-இல் 'பூம்புகார்' படத்தில் சிலப்பதிகாரத்துச் சமணத் துறவி கவுந்தியடிகள். காதல் வேடமே வேண்டாம் என்றவருக்குத் தமிழ் இலக்கியத்துக் கிழவிகளும் துறவிகளும் கிடைத்தார்கள். அவர்களைவிடப் பொருத்தமான வேடங்கள் அவருக்கு வேறு இல்லை என்பது என் எண்ணம்.

1969-இல் வந்த 'துணைவன்' படப் பாட்டுக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது பெற்றபோது அவருக்கு அறுபது தாண்டிவிட்டது. அதற்குள் மைக் வந்து எத்தனையோ வருடம் ஆகிவிட்டது. மெல்லப் பாடினாலே போதும் என்ற காலம். மற்றவர்கள் மைக்குக்காகக் குரலைத் தணித்துக்கொண்டார்கள், சுந்தராம்பாள் தணிக்கவில்லை.

வீட்டுக்குப் போனதும் 'திருவிளையாடல்' படத்தில் ஔவையாராக வந்து முருகனைப் பார்த்து 'பழம் நீயப்பா' என்று பாடுவாரே, அதை ஒருமுறை கேளுங்கள். எதிரே நிற்பது சின்னப் பிள்ளை. ஆனால் அந்த அம்மாள் மேல் ஸ்தாயியில் நின்று பாடுவது அந்தப் பிள்ளைக்கு மட்டுமா? கொட்டகையின் கடைசியில், தரை டிக்கெட்டில் உட்கார்ந்திருப்பவருக்கும் சேர்த்துத்தான்.

வணக்கம்.