ஸ்டாண்டுல பார்த்த முகம்

(தண்டையார்பேட்டையில் ஒரு வாசகசாலைக் கூட்டத்தில் பேசியது)

எல்லாருக்கும் வணக்கம். டெல்லி கணேஷைப் பற்றிப் பேச வருகிறேன் என்றதும் ‘நாயகன்’ ஐயரில் ஆரம்பிப்பேன் என்று நினைத்திருப்பீர்கள். நான் எங்கள் நைனாவில் ஆரம்பிக்கிறேன்.

நைனா மூலக்கொத்தளத்தில் ரிக்‌ஷா ஓட்டியவர். 1973-இல் கலைஞர் ஆட்சி கைரிக்‌ஷாவை ஒழிக்கும்வரை கையால் இழுத்தவர். அப்புறம்தான் சைக்கிள் ரிக்‌ஷா. ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், தெருவில் டிவி இருந்த ஒரே வீட்டு வாசலில் நெருக்கியடித்து உட்கார்ந்து ‘பசி’ பார்த்தோம். துரை இயக்கி 1979-இல் வந்த படம். குப்பம்மாவாக நடித்த ஷோபாவுக்கு தேசிய விருது கிடைத்தது இந்தப் படத்துக்குத்தான். அவளுடைய அப்பா, ரிக்‌ஷாக்காரர் முனியாண்டி, நம்ம கணேஷ். பொம்பளைங்க எல்லாம் ஷோபாவைப் பார்த்து மூக்கைச் சிந்திக்கொண்டிருக்க, நைனா மட்டும் கையிலிருந்த பீடியைப் பற்ற வைக்காமலே சொன்னார்: “இந்த ஆள நம்ம ஸ்டாண்டுல பாத்துகிறேன்.”

நம்ம பாஷையை சினிமா எப்படி நடத்தும் என்று உங்களுக்குத் தெரியும். காமெடியன் வந்தால் ‘கஸ்மாலம்’, ரவுடி வந்தால் ‘இன்னாடா’. இரண்டையும் நீட்டி முழக்குவார்கள், கொட்டகை சிரிக்கும். வீட்டில் அரிசி இல்லாத அன்றைக்கு நம்ம ஆட்கள் அப்படியா பேசுகிறோம்? பாதி வார்த்தை தொண்டையிலேயே நின்றுவிடும். முனியாண்டி அந்தப் பாதி வார்த்தையைப் பேசினார். மெட்ராஸ் பாஷையில் ஒரு அப்பன் நொந்துபோகவும் முடியும் என்று திரையில் நான் பார்த்தது அன்றைக்குத்தான். அந்த வேஷத்துக்கு தமிழக அரசின் சிறப்புப் பரிசு கொடுத்தார்கள்.

இத்தனைக்கும் மனிதர் வல்லநாட்டுக்காரர், திருநெல்வேலிச் சீமை. 1964 முதல் 1974 வரை விமானப்படையில் வேலை. டெல்லியில் தமிழ் நாடகம் போட்டுக்கொண்டிருந்தவரை கே. பாலசந்தர் 1977-இல் ‘பட்டினப் பிரவேசம்’ படத்தில் அறிமுகப்படுத்தி, பெயருக்கு முன்னால் டெல்லியையும் ஒட்டிவிட்டார். நானூறு படங்களுக்கு மேல் நடித்தவர், ‘எங்கம்மா மகாராணி’யில் கதாநாயகன்கூட. அதை விடுங்கள், நமக்கு வேண்டியது அவர் காது.

‘மைக்கேல் மதன காம ராஜ’னில் சமையல்காரர் பாலக்காட்டு மணி ஐயரைக் கேளுங்கள். அந்த இழுவை வேறு ஊர். ‘சிந்து பைரவி’யின் மிருதங்கக்காரர் குருமூர்த்தி குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வருவார், பாடகர் அவரை ஒதுக்கிவிட்டு மிருதங்கம் இல்லாமலே பாடுவார். அங்கே வசனத்தைவிட அவமானத்துக்குத்தான் வேலை அதிகம். ‘அபூர்வ சகோதரர்க’ளில் இதே ஆள் வில்லன். ‘47 நாட்க’ளில் முகமே கிடையாது, சிரஞ்சீவிக்குக் குரல் மட்டும் கொடுத்தார். முகத்தைக் கழற்றி வைத்துவிட்டு வெறும் குரலால் நடிக்கிறவனுக்கு ரிக்‌ஷாக்காரன் பேச்சும் பிடிபடும், பாலக்காட்டுப் பேச்சும் பிடிபடும். என் கணக்கு இதுதான். தப்பென்றால் கூட்டம் முடிந்ததும் வாசலில் பிடித்துக்கொள்ளுங்கள்.

சீரியலுக்கும் வந்தார். ‘கஸ்தூரி’, ‘செல்லமே’ என்று ராத்திரிச் சாப்பாட்டு நேரத்தில் வீட்டுக்குள்ளேயே இருந்தார். சீரியலில் எல்லாரும் கத்துவார்கள், பின்னணி இசையும் கூடக் கத்தும். அந்தக் கூச்சலில் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே பேசுகிற ஒரு பெரியவர் கிடைத்தால் எங்கள் வீட்டில் அம்மாவே சவுண்டைக் கூட்டுவாள். தட்டில் ரசம் ஆறிப்போகும்.

2024 நவம்பர் 10-ஆம் தேதி காலையில் அவர் இறந்த செய்தி டிவியில் ஓடியது. அவருக்கு எண்பது வயது. நைனாவுக்கும் அதேதான். அஞ்சலி செலுத்த விமானப்படைக்காரர்கள் வந்ததைக் காட்டியபோது நைனாவுக்கு ஒன்றும் புரியவில்லை. “ரிக்‌ஷா ஓட்னவருக்கு இன்னாத்துக்குடா மிலிட்டரி வருது?”

“நைனா, அவரு திருநெல்வேலிக்காரரு. பத்து வருசம் ஏர்ஃபோர்ஸ்ல இருந்தாரு. ரிக்‌ஷாவே ஓட்டல.”

கொஞ்ச நேரம் டிவியையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“சரி, அதுக்கு முன்னால?”